கண்ணை ஓடவிடாத பேச்சு

முதலில் வந்தது ஒரு முடி.

வேலை முடிந்து வந்து சோற்றுக்கு உட்கார்ந்தவர், இடது கையால் முகத்துக்கு முன்னால் எதையோ தள்ளிவிட்டார். கொசு என்று நினைத்தேன். மறுபடியும் தள்ளினார். "என்னங்க?" என்றேன். "ஒரு முடி. கண்ணு முன்னாடி தொங்கிக்கிட்டே இருக்கு" என்றார்.

என் கணவர் தர்மலிங்கம், மலாய்ப் படங்கள் எடுக்கும் ஸ்டூடியோவில் கேமராமேன். நாள் முழுக்கப் பவுடர் பூசிய பெண்களுக்கு எதிரே நிற்கிறவர். அப்படிப்பட்டவர் வீட்டுக்கு வந்து முடி என்றால் எந்தப் பெண்டாட்டிக்கு வயிறு எரியாது? அவர் கழற்றிப் போட்ட சட்டையை விளக்குக்கு நேரே பிடித்து, தோள், பொத்தான், பாக்கெட் என்று அங்குலம் அங்குலமாகத் தேடினேன். ஒன்றும் கிடைக்கவில்லை. கிடைக்கவில்லையே என்று அதற்கும் கோபம் வந்தது.

அந்த முடி அவர் கண்ணுக்குள்ளேயே இருந்தது. விழித்திரை (கண்ணின் உட்சுவரில் ஒட்டியிருக்கும் மெல்லிய படலம், நாம் பார்ப்பதெல்லாம் அதில்தான் விழுகிறது) கிழியத் தொடங்கும்போது கண்ணுக்குள் நிழல் துணுக்குகள் மிதக்கும். முடி போலவும் கொசு போலவும் தெரியும். உங்கள் வீட்டில் யாராவது திடீரென்று இப்படிச் சொன்னால் சட்டையைச் சோதிக்காதீர்கள். நேரே கண் டாக்டரிடம் கூட்டிப்போங்கள். முக்கியமாக அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். மிச்சமெல்லாம் என் வயிற்றெரிச்சல்.

ஸ்டூடியோவிலும் முடிதான் பிரச்சினை. கேமராவுக்குள் பிலிம் ஓடும் இடுக்கில் ஒரு முடி சிக்கினால் அது திரையில் கயிறு போலப் பெரிதாகத் தெரியுமாம். அதனால் ஒவ்வொரு ஷாட்டும் முடிந்ததும் கேமராவைத் திறந்து பார்ப்பது அவர்கள் வழக்கம். அந்த வாரம் இவர் ஷாட்டுக்கு முன்னும் திறக்கச் சொன்னார், பின்னும் திறக்கச் சொன்னார். உதவி கேமராமேன் காசிம், நாலு பிள்ளைக்குத் தகப்பன், பொறுமைசாலி. "அண்ணே, உள்ளே துடைச்சு வச்ச பாத்திரம் மாதிரி இருக்கு" என்று சொல்லிச் சொல்லி ஓய்ந்துபோனார்.

அடுத்து மின்னல். கண்ணின் ஓரத்தில் பளிச் பளிச்சென்று வெட்டியது. விளக்கு சரியில்லை என்று விளக்குக்காரர்களைத் திட்டினார். அதற்கும் அடுத்து, கீழ் மூலையிலிருந்து ஒரு கறுப்பு மேலே ஏறியது. லென்ஸுக்கு முன்னால் வெயில் படாமல் மாட்டுகிற மறைப்பு சரிந்து படத்துக்குள் வருகிறது என்று காசிமைப் பிடித்துக்கொண்டார். "என் சீட்டுல உட்காரணும்னு ஆசை வந்துடுச்சோ? வேணும்னே பண்றியா?" என்று செட்டில் எல்லார் முன்னாலும் கேட்டாராம். பாவம் அந்த மனுஷன், மறைப்பைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றாராம்.

வீட்டில் அவருக்கு அந்தக் கறுப்பு தெரியவில்லை. இரண்டு கண்ணும் திறந்திருக்கும்போது இடது கண் வலது கண்ணின் குறையை மூடிக்கொடுத்துவிடும். கேமராவில் பார்க்கும்போது மட்டும் இடது கண்ணை மூடுவார். ஆக, கேமராவில் தெரிகிறது, வெளியே தெரியவில்லை என்றால் கோளாறு கேமராவில்தான் என்று சாதித்தார். கெட்டிக்காரர்களுக்கு வருகிற தப்பு அது. என்னைப் போன்ற மண்டு என்றால் முதல் நாளே கண்ணைக் கசக்கியிருப்பேன்.

கண்டுபிடித்தவள் பிலோமினா.

அவளைப் பற்றிச் சொல்லாமல் இந்தக் கதை நகராது. சட்டையில் முடி தேடிய அந்த ஒரு நாளைத் தவிர, நடிகைகள்மேல் எனக்குப் பொறாமை இருந்ததில்லை. பஃபலோ ரோட்டில் எங்கள் மாடியறைக்கு அடுத்த அறைப் பெண்கள், "பாக்கியம், உன் வீட்டுக்காரர் அழகிங்க நடுவுல நிக்கிறாரு, உனக்குத் தூக்கம் எப்படி வருது?" என்று கேலி செய்வார்கள். நடிகைகளை அவர் கோணல் மூக்கு, மேடு கன்னம் என்றுதான் வீட்டில் சொல்வார். எனக்கு அதில் பயமில்லை.

பிலோமினா நடிகை அல்ல. கண்ணாடி போட்ட, கறுத்த, எலும்பும் தோலுமான கிறிஸ்தவப் பெண். கல்யாணம் ஆகவில்லை. ஷாட்டுக்கு ஷாட்டு எல்லாம் ஒன்றுபோல இருக்கிறதா என்று கவனிப்பதுதான் அவள் உத்தியோகம். கோப்பை எந்தக் கையில் இருந்தது, எந்தப் பொத்தான் திறந்திருந்தது, ஈரத்துணி எவ்வளவு ஈரமாக இருந்தது, எல்லாம் மண்டையில் வைத்திருப்பாள். "அவ கண்ணு கண்ணு!" என்பார் இவர். என் சமையலைக்கூட அப்படி அவர் புகழ்ந்ததில்லை.

காசிம் வேறு கேமராவைக் கொண்டுவந்து வைத்தபோதும் கறுப்பு போகவில்லை. அப்போது அவள் சொன்னாளாம்: "சார், கேமரா மாறிடுச்சு, மறைப்பும் மாறிடுச்சு. மாறாம இருக்கிறது உங்க கண்ணு ஒண்ணுதான்."

அன்று மாலையே ஆஸ்பத்திரி. என் புருஷன் கண்ணுக்குள் இருந்ததை இன்னொருத்தி கண்டுபிடித்தாள். நன்றி சொல்ல வேண்டியதுதான். வாய் வரவில்லை.

டாக்டர் சீனர். என்னோடு மலாயில் பேசினார். வலது கண்ணின் விழித்திரை பாதிக்குமேல் கழன்று தொங்குகிறது, ஆபரேஷன் செய்து டயதர்மி (மின்சூட்டால் பொசுக்கி ஒட்டவைக்கும் முறை) வைக்க வேண்டும் என்றார். "பிறகு கேமரா வேலை செய்ய முடியுமா?" என்று கேட்டேன். "முதலில் அசையாமல் படுக்கட்டும். மற்றதைப் பிறகு பேசலாம்" என்றார்.

அந்த அசையாமல் படுப்பது என்பது சாதாரணம் அல்ல. ஆபரேஷனுக்கு முன்னும் பின்னும் வாரக்கணக்கில் மல்லாந்து கிடக்க வேண்டும். தலைக்கு இரண்டு பக்கமும் மணல் மூட்டை. நோய் ஒரு கண்ணில் என்றாலும் கட்டு இரண்டு கண்ணுக்கும். ஒரு கண் ஓடினால் மற்றதும் கூடவே ஓடும் என்பதால். இருமக்கூடாது, சிரிக்கக்கூடாது, திரும்பக்கூடாது. கஞ்சியைக் கரண்டியால் நான்தான் புகட்டினேன்.

ஒரு அற்பச் சந்தோஷம் எனக்கு இருந்தது, மறைப்பானேன். கல்யாணமாகி அத்தனை வருஷத்தில் அவர் எங்கேயும் ஓடாமல் என் பக்கத்தில் கிடந்தது அப்போதுதான். பகலெல்லாம் உட்கார்ந்து பேசினேன். துணி துவைத்தது, குழாயில் தண்ணீர் மெலிந்து வந்தது, தேக்கா மார்க்கெட்டில் கத்தரிக்காய் சொத்தை என்று எனக்குத் தெரிந்ததைப் பேசினேன். "ம்" என்பார். அப்புறம் அந்த 'ம்'மும் நின்றுவிடும்.

சாயங்காலம் பிலோமினா வருவாள். உடனே அவர் முகம் விழித்துக்கொள்ளும்.

"சார், இன்னிக்குக் கிணத்தடி சீன். ஹீரோயின் குடத்தை இடுப்புல வச்சிருந்தா. தண்ணியில பட்ட வெளிச்சம் திரும்பி வந்து தாடைக்குக் கீழே ஆடிக்கிட்டே இருந்துச்சு."

"எந்தப் பக்கத் தாடை?"

"இடது, சார். குடமும் இடதுதான். காசிம் அண்ணன் அதைக் கெடுக்காம எடுத்துட்டாரு."

அவர் உதடு விரியும். நான் கஞ்சிக் கிண்ணத்தோடு நிற்பேன். எனக்கு உடம்பெல்லாம் மிளகாய் அரைத்துப் பூசியதுபோல இருக்கும்.

ஒருநாள் நானும் முயற்சி செய்தேன். "வெளியே மழைங்க" என்றேன்.

"எப்படிப்பட்ட மழை?"

"மழை மாதிரி மழை."

"சரி" என்றார்.

அந்தச் 'சரி' என்னைக் கொன்றுவிட்டது. நான் செம்பவாங் கடற்படைத் தளத்துக் குவார்ட்டர்ஸில் வளர்ந்தவள். கப்பல் வரும், கப்பல் போகும்; அதை ஒருநாளும் நின்று பார்த்ததில்லை. பார்ப்பது ஆம்பிளைகள் வேலை, பொம்பிளைக்குப் பார்க்க ஆயிரம் வேலை என்று இருந்துவிட்டேன். இப்போது ஒரு எலும்புக்கூட்டுக்காரிக்காக வீம்பு பிடித்துப் பார்க்க ஆரம்பித்தேன்.

டிபன் கேரியரைத் தூக்கிக்கொண்டு சிராங்கூன் ரோட்டில் நடக்கும்போது ஒவ்வொன்றாய் உற்றுப் பார்த்தேன். மாடி ஜன்னல்களிலிருந்து நீட்டிய மூங்கில் கழிகளில் துணி காய்ந்தது. சிவப்புக் கைலியின் நிழல் எதிர்ச் சுவரில் சிவப்பாக விழவில்லை, கறுப்பாகத்தான் விழுந்தது. அது எனக்குப் பெரிய ஆச்சரியமாக இருந்தது. பூக்கட்டுகிறவர் தண்ணீர் தெளித்த மல்லிகை வெயிலில் ஒரு நிறம், நிழலில் ஒரு நிறம். தெரு முழுக்க இவ்வளவு இருந்திருக்கிறது, யாரும் என்னிடம் சொல்லவில்லை.

ஆஸ்பத்திரிக்குப் போனதும் சுடச்சுடச் சொன்னேன். முதலில் 'ம்' வந்தது. பிறகு, "நிழல் எவ்வளவு நீளம்?" வந்தது. அன்றிரவு எனக்கு நல்ல தூக்கம்.

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. ஒட்டியது ஒட்டினபடி இருக்கிறதா என்பதுதான் இனிக் கேள்வி என்றார் டாக்டர். அதே படுக்கை, அதே மணல் மூட்டை.

சில நாள் கழித்து, நான் வரும் வழியில் ஒரு கைவண்டி போனது. அதில் ஒரு அலமாரி. அதன் கதவில் ஆளுயரக் கண்ணாடி. வண்டியை இரண்டு பேர் மெல்லத் தள்ள, சிராங்கூன் ரோடு மொத்தமும் அந்தக் கண்ணாடிக்குள் நடந்து போனது. நான் நின்றுவிட்டேன். பஸ் ஹார்ன் அடித்தும் நான் நகரவில்லை. பிலோமினாவுக்கு இது கிடைத்திருக்காது, எனக்குத்தான் கிடைத்தது என்று ஆஸ்பத்திரிக்கு ஓட்டமும் நடையுமாகப் போனேன்.

டாக்டர் கட்டு மாற்றிக்கொண்டிருந்தார். கண்கள் மூடியே இருந்தன, பஞ்சை மட்டும் எடுத்திருந்தார்கள். அவருக்கு வலி தெரியாமல் இருக்கட்டுமே என்று ஆரம்பித்துவிட்டேன்.

"என்னங்க, ஒரு அலமாரியை வண்டியில வச்சுத் தள்ளிக்கிட்டுப் போனாங்க. கதவுல பெரிய கண்ணாடி."

"கண்ணாடி எந்தப் பக்கம் பார்த்துச்சு?"

"என் பக்கம். வண்டி நகர நகர உள்ளே ஒவ்வொண்ணா வருது. முதல்ல பூக்கடை. அப்புறம் என் முதுகுப் பக்கத்து மாடி ஜன்னல் பச்சைக் கதவுங்க. அப்புறம் ஒரு துண்டு வானம்..."

"அப்புறம்?"

அப்போது பார்த்தேன். மூடிய இமைக்குக் கீழே, அந்தச் சின்ன மேடு இடமிருந்து வலமாக ஓடியது. திரும்பி வந்து மறுபடி ஓடியது.

"டியாம்!" என்று டாக்டர் கையை உயர்த்தினார். சும்மா இரு என்று அர்த்தம். அதுவரை அவர் அதட்டி நான் கேட்டதில்லை.

வராந்தாவுக்குக் கூட்டிப்போய் விளக்கினார். மனம் எதைப் பார்க்கிறதோ, மூடின கண்ணும் அங்கே ஓடும். இப்போது இப்படி ஓடினால் ஒட்டவைத்தது பிய்த்துக்கொள்ளும். பிய்த்துக்கொண்டால் அந்தக் கண் போனதுதான்.

ஆனாலும் கேட்டேன்: "சாயங்காலம் வருகிற பெண் பேசும்போது?"

"அது இதைவிட மோசம். கட்டு மாற்றும்போது சிஸ்டர் பார்த்துச் சொல்லியிருக்கிறார். முதல் வாரத்தில் நீங்கள் பேசியபோது மட்டும்தான் கண் அடங்கி இருந்ததாம். அப்போது என்ன பேசினீர்கள்?"

"ஒன்றுமில்லை டாக்டர். துணி துவைத்ததைச் சொன்னேன்."

"அதையே சொல்லுங்கள்" என்றார். அவர் சிரிக்கவில்லை.

இதை எப்படி எடுத்துக்கொள்வது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. என் பேச்சுதான் மருந்து. ஏன் மருந்து என்றால், அதில் பார்க்க ஒன்றுமே இல்லை! கண்ணை இமை காக்கிறது என்று பெரியவர்கள் சொல்வார்கள். சொல்லட்டும். யாராவது ஒரு இமையைப் பார்த்து அழகு என்று சொல்லியிருக்கிறார்களா?

ஆனாலும் அன்று சாயங்காலம் வார்டு வாசலில் பிலோமினாவை நிறுத்தியபோது என் குரலில் ஒரு மிதப்பு இருந்தது.

"டாக்டர் சொல்லிட்டாரும்மா. நீ பேசினா அவர் கண்ணு ஓடுதாம். ஆகாதாம்."

"ஐயோ, ஆண்டவரே! நான்தான் தினமும் வந்து..." என்று வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு சொன்னாள்: "இனிமே நான் வரல அக்கா. நீங்க பேசுங்க. உங்க பேச்சைக் கேட்டாத்தான் தூக்கமே வருதுன்னு சார் சொல்லுவாரு."

அவள் நல்ல மனதோடுதான் சொன்னாள். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வந்தது. என் பேச்சு தாலாட்டு என்பதை இவளிடம் சொல்லியிருக்கிறாரே, என்னிடம் சொன்னாரா?

அதற்குப் பிறகு நான் பேசிய பேச்சை நினைத்தால் எனக்கே கொட்டாவி வருகிறது. புளி ஊறவைத்தேன். கரைத்தேன். சக்கையைப் பிழிந்தேன். மண்ணெண்ணெய் அடுப்பில் திரியை ஏற்றினேன். வழியில் பார்த்ததையெல்லாம் பல்லைக் கடித்து விழுங்கினேன். பார்க்கக் கற்றுக்கொண்ட பிறகு பார்க்காதவள்போலப் பேசுவது எவ்வளவு கஷ்டம் தெரியுமா? உங்கள் வீட்டு நோயாளிக்கும் இப்படிப் படுக்கை வாய்த்தால், சுவையான பேச்சு வேண்டாம். வானொலி நாடகமும் வேண்டாம். உங்களைச் சலிப்பானவள் என்று நினைத்தால் நினைத்துவிட்டுப் போகட்டும்.

ஒரே ஒருமுறை அவர் கேட்டார். "பாக்கியம், அந்தக் கண்ணாடி வண்டி என்ன ஆச்சு?"

"அது போயிடுச்சு."

"வானத்துக்கு அப்புறம் என்ன வந்துச்சு?"

"ஒண்ணும் வரலைங்க. ரசத்துக்குப் பருப்புத் தண்ணி எடுத்து வச்சேன்..."

கொஞ்ச நேரத்தில் மூச்சு சீராகிவிட்டது.

ஒட்டியது நிலைத்து நின்றது. கட்டை அவிழ்த்ததும் ஒரு கறுப்புக் கண்ணாடி கொடுத்தார்கள். கண்ணாடி என்று பெயர்தான். இரண்டு கண்ணுக்கும் கறுப்புத் தகடு, ஒவ்வொன்றின் நடுவிலும் குண்டூசித் துளை. கண் ஓரமாகப் போகாமல் இருக்க அந்த ஏற்பாடு. எதைப் பார்க்க வேண்டுமானாலும் முழு முகத்தையும் திருப்ப வேண்டும். எனக்கு அது வசதியாகப் போயிற்று. அவர் யாரைப் பார்க்கிறார் என்று அவர் மூக்கு காட்டிக்கொடுத்துவிடும்.

பிலோமினாவும் காசிமும் பார்க்க வந்தார்கள். காசிம் கையை இவர் விடவே இல்லை, அழுதார். கண்ணுக்கு ஆகாது என்று நான்தான் நிறுத்தினேன். பிலோமினா கட்டிலின் அந்தப் பக்கம், நான் இந்தப் பக்கம். மூக்கு எங்கே திரும்புகிறது என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். அது எங்கள் இரண்டு பேரையும் விட்டுவிட்டு, ஜன்னலில் விழுந்த வெயிலைப் பார்த்துத் திரும்பியது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பிலோமினாவுக்கும்.

வலது கண் முழுதாகத் திரும்பவில்லை. நேர்கோடு நெளிந்து தெரிந்தது. ஸ்டூடியோவில் இடது கண்ணை வைத்துப் பார்க்கப் பழகினார். கேமராவோ வலது கண்காரர்களுக்காகச் செய்தது. மூக்கும் கன்னமும் அதன் இரும்பில் அழுந்திச் சிவந்து வீட்டுக்கு வருவார். பெரிய படங்கள் காசிமிடம் போயின. "நல்லாத்தான் எடுக்கிறான்" என்பார், சோற்றைப் பிசைந்துகொண்டே இருப்பார், சாப்பிட மாட்டார். அவர் பொறாமையைப் பார்த்தபோது எனக்கு ஒரு ஆறுதல். வீட்டில் நான் ஒருத்தி மட்டும் இல்லை.

பிறகு டெலிவிஷன் வந்தது. அந்தக் கேமராவின் பின்புறம் ஒரு சின்னத் திரை. ஒற்றைக் கண்ணை இடுக்க வேண்டாம், இரண்டு கண்ணாலும் எட்ட நின்று பார்க்கலாம். இவருக்கு வேலை கிடைத்தது. சமூக நிலையத்து டெலிவிஷன் பெட்டிக்கு முன்னால் கூட்டத்தோடு உட்கார்ந்து நான் பார்ப்பேன். பாடுகிறவரை யாரும் கவனிக்காமல் விட்டாலும், அவர் முகத்தில் வெளிச்சம் எந்தப் பக்கம் என்று நான் பார்த்துவிடுவேன். பிலோமினாவும் அங்கேதான் வேலைக்குச் சேர்ந்தாள். சேராமல் இருப்பாளா?

டாக்டர் கடைசியாகப் பார்த்தபோது, "இனி இந்தக் கண் எங்கே வேண்டுமானாலும் ஓடலாம்" என்று சொல்லிவிட்டார். ஆனால் இவருக்கு ஒரு பழக்கம் ஒட்டிக்கொண்டது. வேலை முடிந்து வந்ததும் பாயில் மல்லாந்து படுப்பார். தலைக்கு இரண்டு பக்கமும் தலையணை வைத்துக்கொள்வார், மணல் மூட்டை இருந்த இடத்தில். "ஏதாவது பேசு பாக்கியம்" என்பார். நான் வலது இமைமேல் ஒரு விரலை லேசாக வைத்துக்கொண்டு, துணி, புளி, குழாய் என்று ஆரம்பிப்பேன். விரலுக்கடியில் கண் அடங்கும். இப்போதெல்லாம் எனக்கு நேரம் தெரிவது கடிகாரத்தில் அல்ல, அந்த விரலில்.

போன மாதம் ஒருநாள் அவர் படுத்துக்கொண்டே, "இன்னிக்கு பிலோமினா கண்ட்ரோல் ரூம்ல ஒண்ணு சொன்னா பாரு" என்று ஆரம்பித்தார். அவள் சொன்னதைச் சொல்லச் சொல்ல, என் விரலுக்கடியில் கண் குதியாய்க் குதித்தது. இத்தனை வருஷம் கழித்தும்!

எனக்குப் பொறுக்கவில்லை. அவளிடம் இல்லாதது ஒன்று என்னிடம் இருந்தது. யாருக்கும் கொடுக்காமல் வைத்திருந்தேன்.

"அந்த அலமாரிக் கண்ணாடி ஞாபகம் இருக்கா?" என்றேன்.

பேச்சு சட்டென்று நின்றது. "வானத்தோட நிறுத்திட்டியே" என்றார்.

"வானத்துக்கு அப்புறம் ஒரு மூங்கில் கழி வந்துச்சு. அதுல ஒரு கைலி, ஒரு சின்னப் பிள்ளைச் சட்டை. அதுக்கும் அப்புறம் பஸ். அதோட நம்பர் கண்ணாடியில தலைகீழா இல்ல, ஆனா இடம் வலம் மாறித் தெரிஞ்சுச்சு."

கண் ஓடியது. ஓடட்டும் என்று விட்டேன்.

"அப்புறம்?"

"அப்புறம் வண்டி ஒரு பள்ளத்துல இறங்கி ஏறிச்சு. தெருவே ஒரு ஆட்டம் ஆடிச்சு. மல்லிகை, பச்சை ஜன்னல், சைக்கிள், எல்லாம் கொட்டிக் கலந்துபோச்சு. அப்புறம் வண்டி திரும்பிச்சு."

"திரும்பி?"

"கையில டிபன் கேரியரோட ஒருத்தி நின்னா. மூச்சு வாங்கிக்கிட்டு நின்னா. நான்தான்."

விரலுக்கடியில் ஓடிக்கொண்டிருந்த கண் அங்கே நின்றது. தூக்கத்தில் அடங்குவது எனக்குத் தெரியும். இது அது இல்லை.

வெகு நேரம் கழித்து அவர் கேட்டார்: "என்ன சேலை?"